சியாபுஸ்வா: வண்ணச் சுவர்களுக்குப் பின்னால் இருக்கும் ஊர்

தொலைவழி எழுதியது:

தென்னாப்பிரிக்காவின் இண்டெபெலே மக்களைப் பற்றித் தமிழில் தேடினால் பெரும்பாலும் இரண்டு படங்கள்தாம் கிடைக்கின்றன. ஒன்று, கட்டம் கட்டமாக வண்ணம் தீட்டிய வீட்டுச் சுவர். மற்றொன்று, கழுத்தில் பித்தளை வளையங்களை அடுக்கிய பெண். எங்கள் வாசகர் வட்டத்தின் இதழுக்காக அந்த மக்கள் வாழும் ஓர் ஊரைப் பற்றி எழுத வேண்டியிருக்கிறது. படங்களைத் தாண்டி, அங்கே ஒரு சாதாரண நாள் எப்படிக் கழிகிறது என்பதை அறிய விரும்புகிறேன்.

சியாபுஸ்வா என்ற ஊரைத் தேர்ந்தெடுத்திருக்கிறேன். வரைபடத்தில் பார்த்தால் பிரிட்டோரியாவுக்கு வடகிழக்கே நூறு கிலோமீட்டருக்கு அப்பால், இம்புமலாங்கா மாகாணத்தில் இருக்கிறது. பெரிய தொழிற்சாலையோ சுரங்கமோ அருகில் இருப்பதாகத் தெரியவில்லை. ஆனாலும் வீடுகள் கண்ணுக்கெட்டிய தூரம் வரை நெருக்கமாக நிற்கின்றன. இவ்வளவு பேர் அங்கே எதை நம்பிக் குடியேறினார்கள்? விவரம் அறிந்தவர்கள் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

ஜக்கரண்டா எழுதியது:

பிரிட்டோரியாவில் நெடுங்காலமாக வேலை பார்ப்பவன் என்ற முறையில் எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். அவர்களில் பெரும்பாலோர் எதையும் நம்பிக் குடியேறவில்லை. வேறிடங்களிலிருந்து வெளியேற்றப்பட்டு அங்கே வந்து சேர்ந்தார்கள். இதைப் புரிந்துகொள்ள ஒரு நூற்றாண்டு பின்னே போக வேண்டும்.

தெற்கு இண்டெபெலே மக்களில் இரண்டு பெரும் கிளைகள் உண்டு: மனாலா, இண்ட்சுண்ட்சா. மூசி என்ற தலைவனின் மக்களுக்குள் வாரிசுரிமைப் பூசல் எழுந்து, மனாலா கிளை இன்றைய பிரிட்டோரியாவின் சுற்றுப்புறத்திலேயே தங்கியது என்றும், இண்ட்சுண்ட்சா கிளை கிழக்கு நோக்கிப் போனது என்றும் அவர்களுடைய வாய்மொழி வரலாறு கூறுகிறது. அப்படிக் கிழக்கே போனவர்கள், மபோக்கோ என்ற தலைவரின் காலத்தில், இன்றைய ரூசெனேகால் ஊருக்கு அருகே குகைகள் நிறைந்த மலையொன்றில் கோனொம்சரேலோ என்ற கோட்டையை அமைத்தார்கள். டச்சு வழிவந்த போயர் குடியேறிகள் மபோக்கோவின் பெயரை ‘மபோக்’ என்று திரித்து அந்த மக்களையே அப்பெயரால் அழைத்தார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் அவர்களிடம் நிலமும் கால்நடையும் இருந்தன, துப்பாக்கியும் இருந்தது, பக்கத்திலிருந்த போயர் குடியரசுக்கு அடங்கிப் போக வேண்டிய நிலையில் அவர்கள் இல்லை.

முடிவு 1882இல் தொடங்கியது. பேடி மக்களின் அரசர் செகுகுனேவைக் கொன்ற அவருடைய மாற்றாந்தாய்ச் சகோதரர் மம்புரு தப்பி ஓடி, இண்ட்சுண்ட்சா அரசர் நியாபேலாவிடம் அடைக்கலம் புகுந்தார். ஒப்படைக்கும்படி போயர் அரசு கேட்டபோது நியாபேலா மறுத்துவிட்டார். பியெட் ஜூபேர் தலைமையில் வந்த படை நேரடித் தாக்குதலில் மலையைப் பிடிக்க முடியாமல், சுற்றி வளைத்துப் பயிர்களை அழித்து, கால்நடைகளைக் கவர்ந்து, குகைகளுக்கு வெடி வைத்து, பல மாதங்கள் பட்டினி போட்டே பணிய வைத்தது. 1883 ஜூலையில் நியாபேலா சரணடைந்தார். மம்புரு அவ்வாண்டு நவம்பரில் பிரிட்டோரியாவில் தூக்கிலிடப்பட்டார். நியாபேலாவின் தூக்குத் தண்டனை ஆயுள் தண்டனையாகக் குறைக்கப்பட்டது.

போரை விட அதன் பின் நடந்ததுதான் சியாபுஸ்வாவின் முதல் அத்தியாயம். நிலம் முழுவதும் பறிமுதல் செய்யப்பட்டுப் போரில் பங்கேற்ற வெள்ளையர்களுக்குப் பிரித்துக் கொடுக்கப்பட்டது. மக்களும் பிரித்துக் கொடுக்கப்பட்டார்கள். குடும்பம் குடும்பமாகப் பண்ணைகளுக்கு ஐந்தாண்டு ஒப்பந்தக் கூலிகளாக ஒதுக்கினார்கள். ஐந்தாண்டு முடிந்த பிறகு திரும்பிப் போக ஊர் இல்லாததால் பெரும்பாலானவர்கள் பண்ணைகளிலேயே தங்கி, குடியிருக்கவும் சிறிது பயிரிடவும் இடம் கிடைப்பதற்கு ஈடாக ஆண்டில் சில மாதங்கள் ஊதியமின்றி உழைக்கும் குத்தகைக் கூலிகளாக இரண்டு மூன்று தலைமுறை கழித்தார்கள்.

1960களில் இந்த முறையையும் அரசு ஒழித்தது. டிராக்டர் வந்த பிறகு பண்ணைக்காரர்களுக்கு அவ்வளவு பேர் தேவைப்படவில்லை. 1970களில், போபுதட்ஸ்வானா என்ற ட்ஸ்வானா ‘தாயகத்துக்குள்’ (நிறவெறி அரசு கறுப்பினத்தவருக்கு இனவாரியாக ஒதுக்கிய பகுதிகளுக்குத் ‘தாயகம்’ என்று பெயர்) இருந்த இண்டெபெலே குடும்பங்களும் அங்கே நெருக்கடிக்கு உள்ளாயின. வெளியேற்றப்பட்டவர்களுக்காகக் காட்டப்பட்ட இடம்தான் க்வாண்டெபெலே என்ற இண்டெபெலே ‘தாயகம்’. அதன் முதல் தலைநகர் சியாபுஸ்வா. க்வாண்டெபெலே முழுவதிலும் 1970இல் ஏறத்தாழ 32,000 பேர் இருந்தார்கள்; 1980இல் அந்த எண்ணிக்கை 1,50,000ஐத் தாண்டிவிட்டது. லாரியில் வந்து இறங்கியவர்கள் கையில் கொண்டுவந்த தகரத்தையும் கதவையும் வைத்தே முதல் வீட்டைக் கட்டினார்கள். நீங்கள் வரைபடத்தில் காணும் நெருக்கம் அப்படி உண்டானது.

கல்வெட்டு எழுதியது:

நல்ல விளக்கம். இதழில் எழுதும்போது ஒரு குழப்பத்தை மட்டும் தவிர்த்துவிடுங்கள். ஜிம்பாப்வேயின் புலவாயோ பகுதியில் வாழும் இண்டெபெலே மக்கள் வேறு, இவர்கள் வேறு. அங்குள்ளவர்கள் சூலு நாட்டிலிருந்து பிரிந்து வந்த ம்சிலிகாசியின் வழியினர். 1820களில் இந்தப் பகுதிக்குள் நுழைந்த அவருடைய படை, இங்கே ஏற்கெனவே பல தலைமுறைகளாக வாழ்ந்துவந்த தெற்கு இண்டெபெலே மக்களை அடித்து நொறுக்கியது. 1830களின் இறுதியில் போயர்களிடம் தோற்று அவர் வடக்கே லிம்போபோ ஆற்றைக் கடந்தார். இணையத்தில் பல கட்டுரைகள் புலவாயோவின் வரலாற்றை எழுதி, பிரிட்டோரியா பக்கத்துச் சுவர் ஓவியத்தைப் படமாகப் போடுகின்றன.

நெய்தல் எழுதியது:

ஜக்கரண்டா அவர்களுக்கு ஒரு கேள்வி. நிலத்தை இழந்து பண்ணைக் கூலிகளாகச் சிதறிய மக்களிடம் இவ்வளவு ஆடம்பரமான சுவர் ஓவியம் எங்கிருந்து வந்தது? அந்த வடிவங்கள் பண்ணைக்காரர்களுக்குப் புரியாத இரகசிய எழுத்து என்று ஓர் ஆவணப்படத்தில் சொன்னார்கள். அது உண்மையா?

ஜக்கரண்டா எழுதியது:

இரகசிய எழுத்து என்பது சுற்றுலா வழிகாட்டிகள் சொல்லிச் சொல்லி நிலைத்துவிட்ட கதை என்றே நான் நினைக்கிறேன். வரைந்த பெண்களைக் கேட்டால் சவர அலகு, படிக்கட்டு, மின்விளக்கு, விமானம் என்று தாங்கள் கண்ட பொருள்களின் பெயரைத்தான் சொல்கிறார்கள். நகரத்தில் வீட்டுவேலைக்குப் போன இடத்தில் பார்த்தவை பல அவற்றில் உண்டு. சில சுவர்களில் வண்டிகளின் எண் பலகையிலுள்ள எழுத்துகள்கூட இருக்கின்றன.

ஆனால் உங்கள் முதல் கேள்வி முக்கியமானது. பழைய முறையில் சாணமும் மண்ணும் குழைத்துப் பூசி, ஈரம் காய்வதற்கு முன் விரலால் கோடிழுப்பார்கள். சாம்பல், சுண்ணாம்பு, களிமண் ஆகியவற்றின் நிறங்கள்தாம். இன்று நாம் காணும் கறுப்புக் கரையிட்ட பளிச்சென்ற கட்டங்கள் இருபதாம் நூற்றாண்டின் நடுவில், கடையில் வண்ணச்சாயம் வாங்கக் கிடைத்த பிறகு வளர்ந்தவை. பிரிட்டோரியாவுக்கு அருகே ஹார்ட்டபீஸ்ஃபொன்டைன் பண்ணையில் வாழ்ந்த இம்சிசா குடும்பத்தாரின் வீடுகள் 1940களில் கட்டடக்கலை அறிஞர்களின் கவனத்தைப் பெற்றன. 1950களில் அந்தக் குடும்பங்கள் இடம்பெயர வேண்டியிருந்தபோது, அரசு அவர்களுக்கு வேறிடத்தில் ஊர் அமைக்க உதவி, அதையே சுற்றுலாப் பயணிகளுக்குக் காட்டியது. இனங்களைத் தனித்தனியே பிரித்து வைப்பதுதான் இயற்கை என்று வாதிட்ட ஓர் அரசுக்கு இப்படியொரு ‘தனித்துவமான’ ஊர் எவ்வளவு வசதியாக இருந்திருக்கும் என்பதை நீங்களே ஊகித்துக்கொள்ளலாம்.

இதனால் அந்தக் கலையைப் போலி என்று சொல்லிவிட முடியாது. 1935இல் பிறந்த எஸ்தர் மஹ்லாங்கு பத்து வயதில் தாயிடமும் பாட்டியிடமும் கற்றவர். கோழி இறகைத் தூரிகையாகக் கொண்டு, அளவுகோல் இல்லாமல், நேர்கோடு இழுப்பவர். 1989இல் பாரிஸ் கண்காட்சியில் பங்கேற்றார். 1991இல் பிஎம்டபிள்யூ நிறுவனத்தின் கார் ஒன்றுக்கு வண்ணம் தீட்டினார். ஆனால் சியாபுஸ்வாவின் தெருக்களில் நடந்தால் இத்தகைய சுவர்களை மிக அரிதாகவே பார்ப்பீர்கள். செங்கல் வீடு, ஓடு அல்லது தகரக் கூரை, பெருக்கிச் சுத்தமாக வைத்த மண் முற்றம், ஓரத்தில் பச்சை நிற ஜோஜோ தண்ணீர்த் தொட்டி: இதுதான் அங்குள்ள வீட்டின் பொதுவான தோற்றம். பழைய வழக்கப்படி மணமான பெண்கள் நிரந்தரமாக அணிந்த கழுத்து வளையங்களை இன்று திருமணத்திலும் விழாவிலும் மட்டும் காணலாம்.

பனங்காடு எழுதியது:

எல்லாவற்றையும் அடக்குமுறையின் கணக்கிலேயே எழுதிவிடுவது எளிது. க்வாண்டெபெலே 1981இல் தன்னாட்சி பெற்றதற்குப் பிறகு அங்கே அணை கட்டினார்கள். ஆசிரியர் கல்லூரி வந்தது. இண்டெபெலே மொழிக்கென 1983இல் வானொலி தொடங்கியது. பள்ளிகளில் அதுவரை சூலு மொழியில் படித்த பிள்ளைகள் தம் மொழியில் படிக்கத் தொடங்கினார்கள். இவையெல்லாம் அந்தத் ‘தாயகம்’ இல்லாமல் நடந்திருக்குமா? உள்ளூர் மக்களில் ஒரு பகுதியினராவது அதை வரவேற்றிருப்பார்கள் அல்லவா?

ஜக்கரண்டா எழுதியது:

வரவேற்றவர்கள் இருந்தார்கள், அதை மறுப்பதற்கில்லை. பறிபோன மண்ணில் ஒரு துண்டாவது தம் பெயரில் கிடைக்கிறது என்ற எண்ணம் மூத்தவர்கள் பலருக்கு இருந்தது. நீங்கள் பட்டியலிட்டவையும் உண்மைதான். அந்த வானொலிதான் இன்றைய இக்வெக்வேசி எஃப்எம். சமையலறையிலும் டாக்ஸியிலும் காலை முதல் ஒலித்துக்கொண்டே இருக்கும். கல்லூரி வளாகம் இப்போது இம்புமலாங்கா பல்கலைக்கழகத்தின் சியாபுஸ்வா வளாகமாக இருக்கிறது. ஆசிரியர் பயிற்சி அங்கேதான் நடக்கிறது.

ஆனால் 1986ஐப் பாருங்கள். முதலமைச்சர் சைமன் ஸ்கொசானாவும் அமைச்சர் பியெட் இண்டுலியும் பிரிட்டோரியா அரசோடு சேர்ந்து, அவ்வாண்டு டிசம்பரில் க்வாண்டெபெலேயைத் தனி ‘சுதந்திர நாடாக’ அறிவிக்கத் திட்டமிட்டார்கள். அது நடந்திருந்தால் அங்குள்ளவர்கள் அனைவரும் தென்னாப்பிரிக்கக் குடியுரிமையை இழந்து, தாங்கள் வேலைக்குப் போகும் நகரத்தில் அயல்நாட்டினர் ஆகியிருப்பார்கள். அண்டையிலிருந்த மூட்சே வட்டாரத்தையும் அதன் மக்கள் விருப்பத்துக்கு எதிராக அவ்வாண்டு சனவரி முதல் நாள் இணைத்தார்கள். அன்று இம்போகோடோ என்ற அடியாள் படை மூட்சேக்குள் புகுந்து, முந்நூற்றுக்கும் மேற்பட்ட ஆண்களைப் பிடித்துவந்து, சியாபுஸ்வாவின் சமுதாயக் கூடத்தில் அடைத்தது. தரையில் சோப்பு நீரை ஊற்றி வழுக்கி விழ வைத்து, சாட்டையால் அடித்தார்கள். நிறவெறிக் காலக் கொடுமைகளை விசாரித்த உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையத்தின் பதிவுகளில் இது இருக்கிறது. அந்த ஊரில் இன்று அறுபது வயதைக் கடந்தவர்களுக்கு அந்தக் கூடம் எது என்று தெரியும்.

இதற்கு எதிர்வினையாக எழுந்த கிளர்ச்சியில் யார் யார் சேர்ந்தார்கள் என்பதுதான் உங்கள் வாதத்துக்கு விடை. மாணவர்கள் சேர்ந்தார்கள், அரசு ஊழியர்கள் வேலைநிறுத்தம் செய்தார்கள், மே 12 அன்று வெல்டேவ்ரேடவிலுள்ள அரச முற்றத்தில் ஆயிரக்கணக்கானோர் திரண்டார்கள். இண்ட்சுண்ட்சா அரச குடும்பமே ‘சுதந்திரத்தை’ எதிர்த்து நின்றது. தன் மரபைக் காட்டித்தான் இந்த நாடு உருவாக்கப்படுகிறது என்ற வாதத்தை அந்த மரபின் தலைவர்களே நிராகரித்துவிட்டார்கள். ஜூலை 29 அன்று சியாபுஸ்வாவில் காரில் வைத்த குண்டு வெடித்து இண்டுலி இறந்தார். அரசின் பாதுகாப்புப் பிரிவினரே அதைச் செய்ததாகப் பின்னாளில் தெரியவந்தது. தம் ஆளையே அவர்கள் ஏன் முடித்தார்கள் என்பது தனியே எழுத வேண்டிய கதை. ஆகஸ்ட் 12 அன்று க்வாண்டெபெலே சட்டமன்றம் சுதந்திரத் திட்டத்தைக் கைவிட்டது. மூட்சே இணைப்புச் செல்லாது என்று 1988இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

இன்னொன்றும் உண்டு. 1984இல் நடந்த க்வாண்டெபெலே தேர்தலில் பெண்களுக்கு வாக்குரிமை கிடையாது. மரபு அனுமதிக்காது என்றார்கள். பெண்கள் நீதிமன்றம் சென்றார்கள். 1988 டிசம்பரில் அவர்களும் வாக்களித்த தேர்தலில், சுதந்திரத்தை எதிர்த்தவர்கள் வென்றார்கள்.

தொலைவழி எழுதியது:

மிக்க நன்றி. இனி அன்றாட வாழ்க்கைக்கு வரலாமா? அங்கே வேலை இல்லை என்றால் அவர்கள் எங்கே வேலைக்குப் போகிறார்கள்?

ஜக்கரண்டா எழுதியது:

பிரிட்டோரியாவுக்கு. தினமும். இதுதான் அந்த ஊரின் வாழ்க்கையில் மற்ற எல்லாவற்றையும் தீர்மானிக்கும் செய்தி.

க்வாண்டெபெலேக்கும் பிரிட்டோரியாவுக்கும் இடையே ரயில் கிடையாது. மொலோட்டோ சாலை என்று அழைக்கப்படும் ஆர்573 நெடுஞ்சாலைதான் வழி; புட்கோ நிறுவனத்தின் பேருந்துகள் அரசு மானியத்தில் ஓடுகின்றன. 1983, 84 ஆண்டுகளில் டேவிட் கோல்ட்பிளாட் என்ற புகைப்படக் கலைஞர் இந்தப் பேருந்துகளில் பயணம் செய்து எடுத்த படங்கள் உலகப் புகழ் பெற்றவை. அதிகாலை மூன்று மணிக்கு முன்பே தொலைவிலுள்ள நிறுத்தங்களில் பேருந்து புறப்பட்டுவிடும். போக வர எட்டு மணி நேரம் வரை செலவழித்தவர்கள் இருந்தார்கள். நிறவெறி ஆட்சி 1994இல் முடிந்தது. பேருந்து மட்டும் நிற்கவில்லை. நகரத்துக்குள் கறுப்பினத்தவர் வீடு கொள்ளலாம் என்று சட்டம் மாறிவிட்டது என்றாலும், முற்றத்தில் தாத்தாவின் கல்லறையும் சொந்தமாகக் கட்டிய நான்கு அறைகளும் இருக்கும்போது, துப்புரவுப் பணியாளரின் சம்பளத்தில் பிரிட்டோரியாவில் வாடகை கொடுத்துக் குடியேற எவரால் முடியும்?

இந்தப் பேருந்துகள் வந்து நிற்கும் இடங்களில் ஒன்று மரபாஸ்டாட். நம்மவர்களுக்கு அந்தப் பெயர் தெரிந்திருக்கும். பிரிட்டோரியா தமிழர்கள் கட்டிய மாரியம்மன் கோயிலின் கோபுரம் அங்கேதான் நிற்கிறது. அந்தத் தமிழர்களும் இனவாரிக் குடியிருப்புச் சட்டத்தால், இந்தியர்களுக்கென ஒதுக்கிய லாடியத்துக்கு அனுப்பப்பட்டவர்களே. விடிவதற்கு முன் அங்கே நின்று பார்த்தால், பேருந்திலிருந்து இறங்குகிறவர்கள் பலருடைய தோளில் மடித்த கம்பளி இருக்கும். சிலர் கழுத்துக்கு வைத்துக்கொள்ளும் பஞ்சுத் துண்டைப் பையில் திணித்தபடியே அடுத்த வண்டியைப் பிடிக்க ஓடுவார்கள். நெடுநாள் பயணிகளுக்கு அவரவர் இருக்கை இன்னது என்று எழுதாத ஒப்பந்தம் உண்டு. காலைப் பயணத்தில் ஒருவரும் பேசுவதில்லை. விளக்கை அணைத்துத் தூங்குவார்கள். மாலையில் அதே பேருந்தில் ஒருவர் எழுந்து நின்று பிரசங்கம் செய்வார். பெண்கள் தோத்திரப் பாட்டைத் தொடங்குவார்கள். பின் இருக்கைகளில் சீட்டாட்டம் நடக்கும். எங்கள் அலுவலகத்தைத் துப்புரவு செய்யும் அம்மையார், தம் நெருங்கிய தோழியர் எல்லாரும் பேருந்தில் கிடைத்தவர்கள் என்றும், பக்கத்து வீட்டாரோடு பேச ஞாயிற்றுக்கிழமைதான் வாய்க்கிறது என்றும் சொன்னார்.

மொலோட்டோ சாலையின் விபத்துகள் நாட்டில் பேர் பெற்றவை. சாலையை அகலப்படுத்தும் வேலை நடக்கிறது. ரயில் பாதை போடுவோம் என்ற வாக்குறுதி தேர்தல்தோறும் வருகிறது.

நெய்தல் எழுதியது:

பெற்றோர் இருவரும் மூன்று மணிக்கே புறப்பட்டுவிட்டால் பிள்ளைகளை யார் எழுப்பிப் பள்ளிக்கு அனுப்புகிறார்கள்?

ஜக்கரண்டா எழுதியது:

பாட்டிகள். அந்த ஊரின் பகல் நேரம் பாட்டிகளின் கையில்தான் இருக்கிறது. அவர்களுடைய முதியோர் உதவித்தொகையும் பிள்ளைகளின் பெயரில் வரும் உதவித்தொகையும் பல வீடுகளில் நிலையான வருமானம். வழங்கும் நாள்களில் கடைத்தெருவே நிரம்பிவிடும். மக்காச்சோள மாவில் கிளறிய ‘பாப்’, கீரை, கோழிக்கால் ஆகியவை வீட்டுச் சாப்பாடு. பள்ளி விட்டு வரும் பிள்ளைகள் வாங்குவது ‘கோட்டா’: கால் ரொட்டியைக் குடைந்து, உருளைக்கிழங்கு வறுவலும் இறைச்சித் துண்டும் மாங்காய் அச்சாரும் அடைத்துக் கொடுப்பார்கள். அச்சார் அங்கே உள்ளூர் உணவாகவே ஆகிவிட்டது.

தண்ணீர்தான் ஓயாத வழக்கு. எலண்ட்ஸ் ஆற்றின் குறுக்கே 1984இல் கட்டி முடிக்கப்பட்ட இம்கோம்போ அணையிலிருந்து சுத்திகரிப்பு நிலையம் வழியாக நீர் வர வேண்டும். மக்கள்தொகை பெருகி, குழாய்கள் பழுதாகி, பல தெருக்களில் குழாயில் காற்றுதான் வருகிறது. வசதி உள்ளவர்கள் ஆழ்துளைக் கிணறு போட்டுக்கொள்கிறார்கள். மற்றவர்கள் நகராட்சி லாரிக்குக் காத்திருக்கிறார்கள் அல்லது அந்தக் கிணற்றுக்காரர்களிடம் வாளிக் கணக்கில் வாங்குகிறார்கள்.

சனிக்கிழமை என்றால் இறுதிச் சடங்கு. ஊரில் ஏறக்குறைய எல்லாரும் ஏதேனும் ஓர் இறுதிச் சடங்குச் சங்கத்துக்கும் ‘ஸ்டொக்வெல்’ சீட்டுக்கும் மாதந்தோறும் பணம் கட்டுகிறார்கள். வெள்ளி இரவு முழுவதும் விழித்திருந்து, விடிந்ததும் அடக்கம் செய்து, வந்தவர் அனைவருக்கும் சோறு போட வேண்டும். வார நாளில் சடங்கு வைத்தால் பேருந்தில் போனவர்கள் எப்படி வருவார்கள்?

கல்வெட்டு எழுதியது:

இங்கே ஒன்றைச் சேர்க்க விரும்புகிறேன். ஆண்பிள்ளைகளுக்கான ‘இங்கோமா’ என்னும் பருவச் சடங்கு இந்த மக்களிடம் இன்றும் உயிரோடு இருக்கிறது. ஏறத்தாழ நான்கு ஆண்டுகளுக்கு ஒரு முறை, அரசரின் அனுமதியோடு, குளிர்காலத்தில் இளைஞர்கள் இரண்டு மாத அளவு ஊருக்கு வெளியே தங்குகிறார்கள். ஒன்றாகச் சென்றவர்கள் எல்லாரும் ஒரே பெயர் கொண்ட அணியினர். இண்ட்சுண்ட்சா கிளையில் இப்படிப் பதினைந்து பெயர்கள் உண்டு. வரிசை முடிந்ததும் முதல் பெயர் திரும்ப வரும். பதினைந்தை நான்கால் பெருக்கிப் பாருங்கள்: நம் பிரபவ முதல் அட்சய வரையிலான அறுபதாண்டுச் சுற்றைப் போலவே, தாத்தாவின் அணிப் பெயர் பேரனுக்கு வந்து சேர்கிறது. ஒருவருடைய வயதைக் கேட்பதற்குப் பதிலாக அணியைக் கேட்டாலே போதும்.

பனங்காடு எழுதியது:

2013இல் அந்தச் சடங்கில் பலர் இறந்த செய்தியைப் படித்த நினைவு இருக்கிறது. மரபைப் பாராட்டும்போது அதையும் சொல்ல வேண்டாமா?

ஜக்கரண்டா எழுதியது:

சொல்லத்தான் வேண்டும். 2013 மே மாதத்தில் இம்புமலாங்காவில் மட்டும் இருபதுக்கும் மேற்பட்ட இளைஞர்கள் இறந்தார்கள். அதன் பிறகு மருத்துவப் பரிசோதனை, பதிவு பெற்ற பள்ளிகள் என்று விதிகள் கடுமையாயின. சடங்கை நிறுத்த வேண்டும் என்று அந்த ஊரில் நான் கேட்ட ஒருவரும் சொல்லவில்லை. யார் நடத்துவது, யார் கண்காணிப்பது என்பதில்தான் அவர்களுக்குள் சண்டை. இங்கோமா நடக்கும் ஆண்டில் எங்கள் அலுவலகத்திலேயே விடுப்பு விண்ணப்பங்கள் குவியும். திரும்பி வரும் மகனை வரவேற்கப் புதிய மணி வேலைப்பாட்டுக் கம்பளி, விருந்து, வீட்டுச் சுவருக்குப் புதுச் சாயம் என்று குடும்பமே கடன் வாங்கிச் செலவழிக்கும். தொலைவழி அவர்களே, சியாபுஸ்வாவில் புதிதாகத் தீட்டிய இண்டெபெலேச் சுவரைக் காண உங்களுக்கு நல்ல வாய்ப்பு அந்த ஆண்டில்தான்.

தொலைவழி எழுதியது:

அனைவருக்கும் நன்றி. கடைசியாக ஒரு நடைமுறைக் கேள்வி. நேரில் போய்ப் பார்க்க விரும்பினால் எப்போது போகலாம்?

ஜக்கரண்டா எழுதியது:

டிசம்பரில் போங்கள். நகரத்தில் கட்டட வேலைகள் அந்த மாதத்தின் நடுவில் நின்றுவிடும் என்பதால் ஊர்க்காரர்கள் வீட்டில் இருப்பார்கள். திருமணங்களும் அப்போது அதிகம். கோனொம்சரேலோவில் ஆண்டுதோறும் நியாபேலாவின் நினைவு நாளையும் அந்த மாதத்தில்தான் கொண்டாடுகிறார்கள். மலையடிவாரத்துக்கு ஊரிலிருந்து வண்டி வைத்துப் போவார்கள். மொலோட்டோ சாலையில் நீங்களே ஓட்டிப் போவதானால் பகலில் மட்டும் போங்கள். காலைப் பேருந்தில் ஏறுவதானால் முன்பக்க இருக்கைகளில் உட்காராதீர்கள். அவை எல்லாவற்றுக்கும் ஆள் உண்டு.